ஜூனில் டிக்கெட் இல்லை

எப்போது வந்தால் நன்றாகப் பார்க்கலாம்?
போனை எடுத்ததும் எல்லோரும் கேட்பது இதைத்தான்.
குஞ்சு தெரிய வேண்டுமென்றால் டிசம்பர்.
கூட்டம் ஆகாதென்றால் அக்டோபர் தொடக்கம்.
காற்று ஆகாதென்றால்
படகோனியாவுக்கே வராதீர்கள் என்பேன்.
ஜெர்மன்காரர் ஒருவர் தேதி கேட்டார்,
குறித்துக்கொண்டு, மணி கேட்டார்.

வியாழன் மூன்று மணிக்கு மட்டும்
முதலில் ஒரு பதிவுக் குரல்:
இந்த அழைப்பு சிறைச்சாலையிலிருந்து வருகிறது.
அப்புறம் ஓர் இருமல்.
அப்புறம் அதே கேள்வி.
டிசம்பர் என்று சொல்லி வைத்துவிட்டேன்.

அடுத்த வியாழன்: "இன்றைக்கு என்ன செய்கின்றன?"

செப்டம்பர் அது. ஆண்கள் மட்டும் வந்திருந்தன.
போன வருஷத்து வளைக்கே வந்து
மண்ணைக் காலால் உதைத்து வெளியே தள்ளிக்கொண்டிருந்தன.
முள்புதர் நிழலில் மூன்றாம் வளைக்கு
இரண்டு பேர் போட்டி,
ஒன்றின் கண்ணோரம் ரத்தம்.
எலிவளை ஆனாலும் தனிவளை அல்லவா.
அவன் சிரித்தான்.
இங்கே ஆறு பேருக்கு ஒரு வளை என்றான்.

அக்டோபரில் பெண்கள் வந்தன.
கத்துவது எப்படி இருக்கும் என்றான்.
கழுதை மாதிரி என்றேன். நம்பவில்லை.
ஒயர் எட்டிய மட்டும் இழுத்து
ரிசீவரை ஜன்னலுக்கு வெளியே பிடித்தேன்.
கை மரத்துப்போனது.
திரும்பக் காதில் வைத்தபோது
அந்தப் பக்கம் பல பேர் சிரிக்கும் சத்தம்.

முட்டை இரண்டு, நாற்பது நாள்.
ஒன்று கடலுக்குப் போனால்
மற்றது பட்டினி கிடந்து அடைகாக்கும்.
திரும்பாமல் போனால்? என்றான்.
எழுந்து போய்விடும் என்றேன்.
எத்தனை நாள் பார்த்துவிட்டு?
அதை யாரும் என்னிடம் கேட்டதில்லை.
பத்து, சிலது இருபது.

ஜனவரியில் மூன்று வியாழன் நான் போனை எடுக்கவில்லை.
கப்பலிலிருந்து பஸ் பஸ்ஸாக ஆட்கள்,
கழிப்பறையில் தண்ணீர் இல்லை,
குவானக்கோவோடு படம் எடுக்கப் போய்
ஒருத்தி கணுக்காலைச் சுளுக்கிக்கொண்டாள்.
மணி அடித்து அடித்து ஓய்ந்தது.
நான்காம் வாரம் எடுத்தேன்.
அவன் எதுவும் கேட்கவில்லை.
"பஞ்சு உதிர ஆரம்பித்துவிட்டதா?" என்றான்.

மார்ச்சில் பெரியவை இறகு உதிர்க்கும்.
புது இறகு மூடும்வரை நீரில் இறங்க முடியாது,
தின்ன முடியாது,
மூன்று வாரம் நின்ற இடத்தில் நிற்கும்,
கிழிந்த தலையணை மாதிரி.
அந்த மாதத்துக்கு வராதீர்கள்,
பார்க்கச் சகிக்காது என்றேன்.
அதுதான் எனக்குப் புரிகிறது என்றான்.

ஏப்ரல் இருபதுக்குப் பிறகு
சொல்ல ஒன்றும் இல்லை.
எல்லாம் பிரேசில் பக்கம் நீரில்.
அப்போது கேட்டான்:
"ஜூனில் வந்தால்?"

ஜூனில் டிக்கெட் கிடையாது.
ஜூனில் கேட்டுக்குப் பூட்டு.
வாயில் வந்ததைச் சொல்லாமல் நின்றேன்.
அவன் கார்டில் காசு தீர்ந்து
லைன் தானாகவே போயிற்று.

ஜூன் பதினொன்று. செவ்வாய்.
சாவி மறந்த ரெஜிஸ்டரை எடுக்கத்தான் வந்திருந்தேன்.
இல்லை, அது பொய்.
அந்த மாதம் தினமும் வந்திருந்தேன்.

சரளைச் சாலையில் ஓர் ஆள்,
கையில் பிளாஸ்டிக் பை,
நான் நினைத்ததைவிடக் குள்ளம், வயசும் அதிகம்.
இருமினான். போதும்.

எந்தப் பக்கம் என்று கேட்கவில்லை.
பலகைப் பாதையில் நடந்து,
தண்ணீர்த் தொட்டி தாண்டி இடதில் திரும்பி,
முள்புதர் நிழலில் மூன்றாவதன் முன்
மண்டியிட்டான்.
தோள்வரை கையை உள்ளே விட்டான்.
கன்னம் மண்ணில் பட
வெகுநேரம் அப்படியே கிடந்தான்.
கடலில் எதுவும் இல்லை,
இருந்திருந்தாலும் அவன் பார்த்திருக்கமாட்டான்.

"உள்ளே காற்று இல்லை" என்றான்.

தெரியாது எனக்கு.
பதினாறு வருஷம் இந்த வேலையில்,
நான் கை விட்டுப் பார்த்ததில்லை.